மூன்றாவது கெமராவில் இருந்தது

இரத்தோட்டைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர் லயன் வீடொன்றில் பிறந்து, எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் படித்து முடித்தவள் நான். தொலைக்காட்சியில் இசைக் கச்சேரிகளை இயக்குகிறேன். அதைச் சொல்ல எனக்குக் கூச்சம் இல்லை.

கச்சேரி ஒளிபரப்பில் எங்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. மேடையில் யாராவது பிசகினால் உடனே இன்னொருவர் முகத்துக்கு மாறிவிட வேண்டும். அதில் நான் கெட்டிக்காரி என்று பெயர் வாங்கியிருக்கிறேன்.

என் முதல் நேரலை மாத்தளையில், ஒரு கோயில் மண்டபத்தில். காலை நேரம். அம்மா பஸ் பிடித்து வந்து முன்வரிசையில் இருந்தார். நான் வெளியே, ஒளிபரப்பு வான் வண்டிக்குள், கெமராக்களின் திரைகளுக்கு முன்.

மூன்றாவது கெமராவின் திரையில் மிருதங்கக்காரரின் கைகள். இடது கை கொஞ்சம் பிந்தியது. பிறகு தோலின் மேல் அப்படியே கிடந்தது; வலது கை வாசித்துக்கொண்டே இருந்தது. நான் பாடகியின் முகத்துக்கு மாறினேன்.

மண்டபத்தில் அந்தக் கெமராவில் நின்றவர் ஹெட்செட் வழியாக என் காதில் பேசினார்.

“மிஸ், ஐயாவோட வாய் ஒரு பக்கமா இழுக்குது. நிப்பாட்டச் சொல்லுங்க.”

“நேரலைய எப்பிடிங்க நிப்பாட்டுறது? நீங்க எடுங்க, நான் காட்டல்ல.”

“காட்டாட்டி சரியாகிருமா?”

நிறுத்தினால் தோட்டத்துப் பிள்ளைக்கு இது சரிவராது என்பார்கள். படத்தைப் பாடகியின் முகத்திலேயே வைத்திருந்தேன்.

அடுத்து தனி ஆவர்த்தனம். மற்றவர்கள் ஓய்ந்திருக்க, அவர் மட்டும் வாசிக்கும் இடம். நான் தாளம் போடும் பாடகியின் கையைக் காட்டினேன். தூண்களைக் காட்டினேன். கடைசியில் அம்மாவையும் காட்டினேன். மேடையைப் பார்த்தபடியே அம்மா மெல்ல எழுந்து நின்றது நாடு முழுக்கத் தெரிந்தது. அதற்குள் மிருதங்கம் நின்றுவிட்டது.

ஆஸ்பத்திரியில் டாக்டர், பக்கவாதத்தில் ஒவ்வொரு நிமிடமும் கணக்கு என்று சொல்லி, எப்போது தொடங்கியது என்று கேட்டார். திடீரென்று சாய்ந்துவிட்டார் என்றார்கள் கூட வந்தவர்கள். நானும் அங்கேதான் நின்றிருந்தேன்.

அவர் பிழைத்தார். இடது கையும் பேச்சும் திரும்பவில்லை. அலுவலகத்தில் ஒளிபரப்பு சுத்தமாக இருந்தது என்று பாராட்டினார்கள்.

போன வாரம் அவருடைய மனைவி எனக்குப் போன் எடுத்தார். “மகள், டிவியில அவரு மொகத்தையே காட்டல்லியே. அன்னைக்கு எடுத்ததெல்லாம் வச்சிருப்பீங்கதானே? அவரு கடைசியா வாசிச்சத முழுசாப் பாக்கணும்.”

மூன்றாவது கெமராவின் பதிவு என்னிடம் இருக்கிறது. முதல் பிசகிலிருந்து அவர் சாயும்வரை இருபத்திரண்டு நிமிடங்கள். நேரம் படத்தின் மூலையிலேயே ஓடுகிறது.

அதை முழுதாகப் பார்க்க அவர் மனைவியை வியாழக்கிழமை வரச் சொல்லியிருக்கிறேன்.