கிருத்திகை நாளில் பியரோகி

போலந்திலிருந்து திருத்தணிக்கு வந்தால், எது குளிர்காலம் என்பதே குழம்பிவிடுகிறது. தை மாதப் பிற்பகலிலும் என் அம்மா தலையில் மப்ளர் சுற்றிக்கொண்டு பனி பனி என்று புலம்புகிறாள். பக்கத்திலேயே என் மாமியார் ஹலீனா கையில்லாத கவுன் போட்டுக்கொண்டு ஃபேனை இன்னும் வேகமாக வைக்கச் சொல்கிறார். நடுவில் ஆறு மாத வயிற்றோடு நான், ஃபேனைக் கூட்டுவதும் குறைப்பதுமாக. போலந்தில் நாங்கள் இருக்கும் பொஸ்னானில் இந்த மாதம் நாலு மணிக்கே இருட்டத் தொடங்கிவிடும். விளக்கைப் போட்டுக்கொண்டு தேநீரோடு எதையாவது கொறித்தால்தான் அங்கே பொழுது போகும். அந்தப் பழக்கத்தை மாமியார் இங்கேயும் தூக்கிக்கொண்டு வந்திருந்தார். நாலு மணி டீக்குத் தன் கையால் பியரோகி செய்து சம்பந்திக்குக் கொடுக்க வேண்டும் என்றார்.

மைதா மாவை இட்டு, டம்ளரால் வட்டம் வெட்டி, உருளைக்கிழங்கும் பாலாடைக்கட்டியும் வைத்து மடித்து வேகவைப்பதுதான் பியரோகி. மேலே வதக்கிய வெங்காயம் கொட்டியே தீர வேண்டும். அவர் பிடித்த நாளோ தைக் கிருத்திகை. தெருவெல்லாம் மலைக்குப் போகும் காவடி. எங்கள் வீட்டில் அன்றைக்கு வெங்காயத்தைத் தொட மாட்டார்கள். முருகனுக்கு வெங்காயம் ஒத்துக்கொள்ளாதா என்று மாமியார் கவலையோடு விசாரித்தார். பாலாடைக்கட்டிக்காக அம்மா தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிட்டாள். கிழங்கில் மிளகைத் தட்டிப் போட்டாள். வெங்காயத்துக்குப் பதிலாக நெய்யில் கடுகும் கறிவேப்பிலையும் பொரிந்தன. மடித்து வைத்ததைப் பார்த்து, இது சோமாசிதானே என்று தைரியமானவள், அது கொதிக்கிற தண்ணீரில் விழுந்ததும் பதறிப்போனாள். எண்ணெய்ச் சட்டி என்று நினைத்து மாற்றிப் போட்டுவிட்டார்கள், போய்ச் சொல் என்று என் தோளை இடித்தாள்.

சிரித்தேனே தவிர, மனசு வேறெங்கோ இருந்தது. சித்திரையில் எனக்குப் பிரசவம். வேலை, இன்சூரன்ஸ், கணவர் மரேக் எல்லாம் அங்கே என்பதால் பிரசவத்துக்கு இங்கே வர வழியில்லை. அம்மா பக்கத்தில் இல்லாமல் பெற்றுக்கொள்ள எனக்குப் பயமாக இருந்தது. கூப்பிட்டபோதெல்லாம், நைனாவுக்கு யார் சோறு போடுவது என்று நழுவினாள். ஓட்டலில் சாப்பிட்டுக்கொள்கிறேன் என்று நைனா சொல்லியும் அசையவில்லை. கடைசியில்தான் உண்மை வந்தது. சம்பந்தி வாய் திறந்து ஒரு வார்த்தை கூப்பிடாமல், பெண் கொடுத்த வீட்டில் எப்படிப் போய் நிற்பது? நான் சொல்லிக் கொடுத்து மாமியார் கூப்பிட்டால் அது கணக்கில் வராதாம்.

முதல் தட்டை இருவருக்கும் வைத்துவிட்டு, அடுத்த ஈடு எடுக்க அடுப்படிக்குப் போனேன். திரும்பி வந்தால், அம்மாவின் டீ அப்படியே இருந்தது. தோட்டத்துப் பக்கம் நின்றுகொண்டிருந்தாள். என்னவென்று கேட்டதற்கு முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"ஒண்ணுமில்ல. நானே கேட்டுட்டேன். 'பேபி டைம், ஐ கம் யுவர் ஹவுஸ்?'னு கேட்டேன். நோ, நோன்னுட்டாங்க. தின்னுகினே சொல்றாங்கடி. நீ ஒண்ணும் அவங்கள கேக்காத."

எனக்கு ஒரு கணம் திக்கென்றது. அப்புறம்தான் உறைத்தது. போலிஷ் பேச்சில் 'நோ' என்றால் ஆமாம். நம்மூர் 'ஆங்' மாதிரி, சாவகாசமாகச் சொல்கிற ஆமாம். போன புதிதில் நானும் இதில் ஏமாந்தவள்தான். இந்த டிராம் ஸ்டேஷனுக்குப் போகுமா என்று ஒரு அம்மாளிடம் கேட்டேன். நோ என்றார். அடுத்ததற்கும் நோ. மூன்று டிராமை விட்டுவிட்டுப் பனியில் விறைத்து நின்ற என்னை அந்த அம்மாள் பரிதாபமாகப் பார்த்தார்.

அம்மாவிடம் சொன்னேன். நான் சமாதானத்துக்கு அளக்கிறேன் என்று அவள் நம்பவில்லை. வேறு வழியில்லாமல் மாமியாரிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் தட்டைக் கீழே வைத்தார். பெற்றவள் வருவதற்குக் கூப்பிட வேறு வேண்டுமா, அறையைக்கூட ஒழித்து வைத்துவிட்டேனே என்றார். அதை நான் தமிழில் சொல்ல வாயெடுக்க, கையமர்த்தினார். நேராக அம்மாவிடம் போய் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். வந்த ஒரு வாரமாக எந்த வீட்டு வாசலை மிதித்தாலும் அவர் காதில் விழுந்த முதல் வார்த்தை ஒன்று உண்டு. அதைத்தான் சொன்னார்.

"வாங்க. வாங்க."

அம்மா அழுதாள். "ஆங், வரேன் சம்மந்தியம்மா" என்றாள். எனக்கும் கண் நிறைந்துவிட்டது. ஆறிப்போன டீயை மறுபடி சுடவைத்தோம்.

மறுநாள் ஸ்வெட்டர் வாங்கப் பஜாருக்குப் போனோம். இருப்பதிலேயே கனமானதை எடுக்கச் சொன்னதும், ஊட்டிக்காம்மா என்று கடைக்கார பாய் கேட்டார்.

"இல்லீங்க பாய். எம் பொண்ணு வீட்டுக்கு."

கல்யாணமான நாளிலிருந்து அம்மாவின் வாயில் பொஸ்னான், மாப்பிள்ளை ஊர்தான். அதை என்னுடைய வீடு என்று அவள் சொன்னது இதுவே முதல் தடவை. அதைக் கேட்கத்தான் இத்தனை நாள் காத்திருந்தேன், சந்தோஷமாகவும் இருந்தது. அப்போது பாய் என் பக்கம் திரும்பி, ஊருக்கு எப்போது வந்தீர்கள், இன்னும் எத்தனை நாள் இருப்பீர்கள் என்று நான் பிறந்த ஊரிலேயே விருந்தாளியைக் கேட்பதுபோலக் கேட்டார்.