இடெல்லாவின் பேட்ஜ்

படக்காரர்களுக்கு அவள் ஜூன் ராஸ்கோ. பெற்றவள் வைத்த பெயரோ இடெல்லா ப்ரூயிட். ஆர்கன்சாவில் ஒரு சாலையோரக் கடையில் காபி ஊற்றிக்கொண்டிருந்தவள், இருபத்திரண்டு வயதில் பஸ் ஏறி லாஸ் ஏஞ்சலஸ் வந்துவிட்டாள். பெட்டியில் இரண்டு கவுன், கடை உடுப்பில் குத்தியிருந்த பேட்ஜ், அவ்வளவுதான். கறுப்புப் பட்டையில் வெள்ளை எழுத்து: இடெல்லா.

நடிகர் சங்கத்தில் ஒரு பெயர் ஒருவருக்குத்தான். உறுப்பினர் அட்டை வாங்கப் போன அன்று, கவுன்டரில் இருந்தவள் ஏட்டைப் புரட்டினாள்.

"இந்தப் பேர்ல ஏற்கெனவே ஒருத்தங்க இருக்காங்கம்மா. வேற பேர் சொல்லுங்க."

"எங்கம்மாவைத் தவிர இந்தப் பேரை எவளும் வைக்க மாட்டான்னு நெனச்சேனே. அவங்க எதுல நடிக்கிறாங்க?"

"இருபது வருஷமா எதுலயும் இல்ல. சந்தா மட்டும் தவறாம வருது."

அது ஜூன் மாதம். அவள் வந்தது ராஸ்கோ சாலை பஸ். கோபத்தில் இரண்டையும் சேர்த்து எழுதிக் கொடுத்துவிட்டு வெளியே வந்தாள். ஊரிலிருந்து அம்மா ஓபல் போனில் கேட்டாள்: "ஜூனா? அது எவ? நான் அவளைப் பெக்கலையே."

அந்த வார்த்தை தைத்துவிட்டது. சங்கம் தடுத்தது படத்தின் கடைசியில் ஓடும் பெயரைத்தானே, சட்டையில் குத்தும் பெயரை இல்லையே. அன்றிலிருந்து முப்பத்தாறு வருஷம் சினிமாவிலும் டிவி தொடர்களிலும் அவளுக்கு வந்ததெல்லாம் நர்ஸ், கேஷியர், வெயிட்ரஸ். வேடத்துக்குப் பெயர் இராது, எண்தான் இருக்கும். இவள் பேசாமல் பேட்ஜைக் குத்திக்கொண்டு போய் நிற்பாள். யாரும் கவனித்ததில்லை. ஓபல் மட்டும் டிவியில் மகளின் முகத்தை விட்டு நெஞ்சைப் பார்த்துவிட்டு, "இருக்கு" என்று போன் செய்வாள்.

போன வசந்தத்தில் பர்பேங்க் ஸ்டுடியோ ஒன்றில் ஒருவன் கவனித்துவிட்டான். ப்ரென்னன், ஒரு டிவி தொடரின் புதுத் தயாரிப்பாளன். எட்டு மாதத்துக்கு அப்புறம் அவளுக்கு வந்த வேலை அது. ஒரே ஒரு வரி வசனம்.

"அதைக் கழட்டிடுங்க ஜூன். திரையில பேர் தெரிஞ்சா வக்கீல் ஆபீஸ்ல ஓகே வாங்கணும். அந்தப் பேர்க்காரங்க யாராவது கேஸ் போட்டா நாங்க மாட்டிக்குவோம்."

"பேர் இல்லாத வெயிட்ரஸ் எந்தக் கடையில இருக்கா தம்பி?"

"நீங்க வெயிட்ரஸ் ரெண்டு. கழட்டலைன்னா வேற ஆளைப் போட்டுக்கறேன்."

சொன்னதோடு நிற்கவில்லை. துணை நடிகைகள் கூட்டத்தில் நின்ற வேறொருத்தியை அழைத்து, அதே மாதிரி உடுப்பை மாட்டச் சொல்லிவிட்டான். உடுப்புக்காரி ரெனாட்டா அந்தப் பெண்ணுக்குப் பித்தான் போட்டபடியே ஜூனிடம் முணுமுணுத்தாள்.

"குடுத்துத் தொலையேன்டி. ஒரு வரிக்கா இத்தனை வீம்பு?"

"ஒரு வரின்னாலும் சொல்றவ யாருன்னு வேண்டாமா?" ஜூன் செட்டில் போட்டிருந்த கடை மேடைக்கு முன்னால் இருந்த ஸ்டூலில் அழுத்தமாக உட்கார்ந்தாள். காமிரா நேராக அங்கேதான் பார்த்துக்கொண்டிருந்தது. "உன் வக்கீலைக் கூப்பிடு. அவர் சொன்னா எழுந்துக்கறேன்."

எல்லாரும் காத்து நிற்க, ப்ரென்னன் வேறு வழியில்லாமல் போனை எடுத்து, எல்லாருக்கும் கேட்கும்படி போட்டான். வக்கீல் கொட்டாவி விட்டபடி சொன்னார்: "பேருக்குச் சொந்தக்காரங்க கையெழுத்துப் போட்டா போதும். ஆனா அவங்களை எங்க போய்த் தேடுவீங்க?"

ஜூன் கைப்பையைத் திறந்து டிரைவிங் லைசென்ஸை எடுத்து மேடைமேல் வைத்தாள். அதில் அவள் முகம். பக்கத்தில் இடெல்லா ப்ரூயிட்.

"தேட வேண்டாம்னு சொல்லு. ஸ்டூல்ல உக்காந்திருக்கா."

ரெனாட்டா அந்த இன்னொருத்தியின் பித்தானைக் கழற்ற ஆரம்பித்தாள். சம்மதக் காகிதம் வந்தது. பழக்கத்தில் கை ஜூன் என்று எழுதிவிட்டது. அதை அடித்துவிட்டு, பேனா தாளைக் கிழிக்கிற மாதிரி அழுத்தி, முழுப் பெயரையும் எழுதினாள். ஸ்டுடியோ காகிதத்தில் அந்தக் கை அப்படி எழுதியது அதுதான் முதல் தடவை.

தொடர் ஒளிபரப்பான அன்று கடைசியில் ஓடிய எழுத்து என்னவோ பழையபடிதான்: வெயிட்ரஸ் இரண்டு, ஜூன் ராஸ்கோ. அது ஓடி முடிவதற்குள் ஆர்கன்சாவிலிருந்து போன் வந்துவிட்டது.

"இருக்கு," என்றாள் ஓபல். "ஆனா காபியைச் சாஸர்ல சிந்திட்ட. நான் பார்த்தேன்."

"இடெல்லா அப்படித்தாம்மா ஊத்துவா."