காய்ச்சல் இல்லாதவர்

வனத்துறை அலுவலகத்தில் அவரைக் கொக்கு என்று சொன்னால்தான் தெரியும். பைனாக்குலரைக் கண்ணில் வைத்துவிட்டால் ஒற்றைக் காலில் நிற்பார். மலை உச்சியில் காட்டுத்தீக்குக் காவல் கோபுரம்; இருபது வருடமாக அதில்தான் வேலை. ஓர் ஆளைத் தொடர்ந்து நாற்பது நாளுக்கு மேல் அங்கே வைக்கக் கூடாது என்பது விதி. அன்று அவருக்கு அறுபத்து மூன்றாவது நாள். மாற்று ஆள் இதோ வருகிறார், அதோ வருகிறார் என்று இழுத்தடித்துக்கொண்டிருந்தார்கள்.

அவர் லேசில் அசைகிற ஆள் இல்லை. தினமும் முகம் மழிப்பார். சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போடுவார். சட்டியிலிருந்தே அள்ளித் தின்னாமல் தட்டில் போட்டு, நாற்காலியில் உட்கார்ந்து சாப்பிடுவார். யார் பார்க்கப்போகிறார்கள் என்று தாடியை விட்டவர்கள் கொஞ்ச நாளில் பேச்சையும் விட்டதை அவர் பார்த்திருக்கிறார்.

மணிக்கொருமுறை நான்கு திசையும் பார்த்து நோட்டில் எழுத வேண்டும். அன்று காலை பதினோரு மணிக்கு நோட்டைத் திறந்தார். அன்று மாலை நான்கு மணி வரைக்கும் ‘புகை இல்லை’ என்று முன்கூட்டியே எழுதியிருந்தது. அவருடைய கையெழுத்தேதான். எப்போது எழுதினார் என்பது மட்டும் சுத்தமாக நினைவில் இல்லை.

வயர்லெஸ்ஸை எடுத்தார். கீழே கட்டுப்பாட்டு அறைப் பெண் வழக்கம்போல, “சொல்லுங்கண்ணே. புகை, காத்து, உடம்பு?” என்றாள்.

“புகை இல்ல. காத்து மேற்கு. உடம்பு நல்லா இல்லம்மா.”

“ஐயோ, காய்ச்சலா?”

“இல்ல.”

“அடி கிடி பட்டுச்சா? வயித்துப்போக்கா?”

“அதெல்லாம் இல்ல. பாக்காமலே எழுதறேன்மா. மனசு சரியில்ல.”

அவள் தயங்கித் தயங்கிச் சொன்னாள்: “அண்ணே, ஃபாரத்துல மூணுதான் இருக்கு. காய்ச்சல், காயம், வயிறு. எதுல டிக் அடிக்க?”

“நாலாவதா ஒண்ணு எழுதிக்கோ.”

“கட்டமே இல்லண்ணே!”

கட்டுப்பாட்டு அறை அதிகாரி குறுக்கே வந்தார். “என்னய்யா, தனியா இருக்கறதெல்லாம் ஒரு வியாதியா? எங்க வீட்டுக்கு வந்து ஒரு வாரம் இருந்து பாரு, தனிமையோட அருமை தெரியும்.”

பின்னால் யாரோ சிரித்தார்கள். அவருக்குச் சுருக்கென்றது. “சார், எழுதிக்கோங்க. இந்த நிமிஷத்துலேர்ந்து கோபுரத்துல ஆள் இல்ல. இங்க இருக்கறவன் கண்ணு எதையும் பாக்கல. மூணு மணிக்குத் தீப்பிடிச்சாலும் நோட்டுல புகை இல்லன்னுதான் இருக்கும்.”

அரைமணி கழித்து அந்தப் பெண் கூப்பிட்டாள். “காய்ச்சல்னு போட்டுட்டேண்ணே. இல்லன்னா ஜீப் அனுப்ப மாட்டாங்க. மாத்து ஆளும் கிளம்பியாச்சு. ஆஸ்பத்திரியில கேட்டா ஆமான்னு சொல்லிடுங்க.”

மறுநாள் காலையில் கீழே, அலுவலக ஆஸ்பத்திரி. கம்பவுண்டர் தெர்மாமீட்டரை அவர் வாயிலிருந்து எடுத்து வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். உதறினார். மறுபடியும் வாயில் வைத்தார்.

“காய்ச்சலே இல்லையேப்பா.”

நேற்று இருந்தது என்று சொல்லியிருந்தால் ஒரு மாத்திரையோடு வேலை முடிந்திருக்கும். “இல்லதான். இருக்குன்னு நான் சொல்லவே இல்ல” என்றார் அவர்.

“அப்ப டியூட்டிக்கு ஃபிட். நாளைக்கே மேல போயிடலாம்.” முத்திரையைக் கையில் எடுத்தார் கம்பவுண்டர்.

அவர் கம்பவுண்டர் முன்னால் இருந்த காகிதத்தின் மேல் உள்ளங்கையை அகல விரித்து வைத்தார். நேற்றுக்கு முன்னால் இருபது வருடத்தில் யாரிடமும் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாத மனிதர். காகிதத்தைப் பின்பக்கம் திருப்பி, கம்பவுண்டரின் பேனாவையே வாங்கி எழுதினார்: ‘அறுபத்து மூன்று நாள் தனியாக இருந்தேன். பார்க்காமலே பார்த்ததாக எழுதினேன். காய்ச்சல் இல்லை. மனசு சரியாகும்வரை மேலே போக மாட்டேன்.’ கீழே கையெழுத்து, தேதி.

கம்பவுண்டர் இரண்டு தடவை படித்தார். “வேலைக்கே உலை வச்சுக்கறியேப்பா. இதுல நான் எங்க முத்திரை குத்தறது?”

“எங்க வேணா குத்துங்க. இல்ல, குத்தாமலே விடுங்க” என்று எழுந்தார் அவர். “வீடு ரெண்டு தெரு தள்ளிதான் இருக்கு. ஆபீஸ்ல கேட்டா அங்க இருக்கேன்னு சொல்லுங்க.”