மாட்டு டொக்டரின் பெயர்

என் தங்கையின் பெயரைக் கேட்டவுடன் புருவத்தை உயர்த்துகிறவர்களைக் கண்டால் எனக்கு இன்றைக்கும் ஆத்திரம் வரும். "இது எந்தச் சமயத்துப் பேர்?" என்று கேட்பவர்களுக்கு, "கடல் சமயத்துப் பேர்" என்று பதில் சொல்லிவிட்டு வந்துவிடுவேன். ஆனால் அந்தப் பெயர் வேண்டாமென்று பத்து வயதில் நானும் ஒற்றைக்காலில் நின்றவள்தான். அதைக் கேட்டால் தங்கை மூன்று நாளைக்கு முகம் கொடுத்துக் கதைக்க மாட்டாள்.

எங்கள் வீடு கற்பிட்டியில். வாப்பா அந்த மண்ணிலேயே பிறந்து வளர்ந்த கடற்காரர். உம்மா மன்னாரில் பிறந்தவர். யுத்த காலத்தில் ஊர் முஸ்லிம்கள் எல்லாரோடும் சேர்த்து விரட்டப்பட்டு, சின்னப் பிள்ளையாகக் கட்டிய துணியோடு படகில் வந்து இறங்கியவர். முகாமில் இருந்த பெண்ணை வாப்பா ஆசைப்பட்டுக் கட்டிக்கொண்டு வந்தது வாப்பாவின் மூத்த சகோதரிக்கு, அதாவது என் மாமிக்கு, கடைசிவரை செரிக்கவில்லை. மாமி பக்கத்து வளவில்தான் இருந்தார். ஆனாலும் எங்கள் வீட்டு அடுப்பு எப்போது எரிய வேண்டும் என்பதையும் அவரே தீர்மானிப்பார். உம்மாவைத் திட்ட அவரிடம் ஒரே ஒரு சொல்தான் இருந்தது. கறியில் உப்புக் கூடினாலும் அகதி, குறைந்தாலும் அகதி. அந்தச் சொல் காதில் விழுந்தால் உம்மா அகப்பையைக் கீழே வைத்துவிட்டு நேருக்கு நேர் பதில் சொல்வார். எங்கள் வீட்டில் கறி கருகுவதெல்லாம் அப்படித்தான்.

யுத்தம் முடிந்து மன்னாருக்குப் பாதை திறந்ததும் உம்மாவின் ஆட்கள் ஒவ்வொருவராகத் திரும்பிப் போய்விட்டார்கள். அவர்கள் அங்கே தங்கள் வளவுகளில் மண்டிக் கிடந்த காட்டை வெட்டிக்கொண்டிருந்த நாட்களில்தான் உம்மாவின் வயிற்றில் தங்கை இருந்தாள்.

வலி எடுத்த அன்று வாப்பா கடலில். "அது வாயு, இஞ்சி போட்டுக் குடி" என்றார் மாமி. இஞ்சி குடித்தும் வாயு அடங்காதபோது, முன்வீட்டு ஓட்டோக்கார நானாவைக் கூப்பிட்டு, என்னையும் ஏற்றிக்கொண்டு உம்மா புத்தளத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் புறப்பட்டார். நுரைச்சோலையைத் தாண்டி வெங்காயத் தோட்டங்களுக்கு நடுவே ஓட்டோ நின்றுபோனது. நானா கீழே இறங்கி இயந்திரத்தைத் தட்டினார், திட்டினார், கடைசியில் துஆவும் கேட்டார். உம்மா என் கையைப் பிடித்த பிடியில் என் விரல்கள் வெளுத்துவிட்டன.

அப்போதுதான் அந்த வேன் வந்து நின்றது. களப்பின் ஆழமற்ற நீரில் பெரிய பட்டத்தைப் பிடித்துக்கொண்டு பலகையில் சறுக்குவதற்காக வெள்ளைக்காரர்கள் வருவார்களே, அப்படி வந்த பிரான்ஸ்காரி ஒருத்தி இறங்கி ஓடிவந்தாள். வெயிலில் சிவந்த, பருத்த பெண். ஓட்டோவுக்குள் ஒரு பார்வை பார்த்தாள். நானாவை அந்தப் பக்கம் திரும்பி நிற்கச் சொன்னாள். பிறகு நடந்தது எதையும் நான் முழுதாகப் பார்க்கவில்லை, கண்ணை மூடிக்கொண்டேன். கண்ணைத் திறந்தபோது அவளுடைய நீலத் துவாயில் என் தங்கை அலறிக்கொண்டிருந்தாள்.

வேனில் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியில் உம்மா அந்தப் பிரான்ஸ்காரியின் பெயரைக் கேட்டார். நானா இங்கிலீஷில் கேட்டுச் சொன்னார். ஸிதோனி.

"நானா, அவட்ட சொல்லுங்க. இந்தப் புள்ளக்கி இந்தப் பேர்தான்."

நானா அதைச் சொன்னதும் அந்தப் பெரிய பெண் மூக்கைத் துடைத்துக்கொண்டு அழத் தொடங்கிவிட்டாள்.

வீட்டுக்கு வந்த பிறகு சண்டை தொடங்கியது. எங்கள் குடும்பத்தில் முதல் பிள்ளைக்கு வாப்பா வீட்டார் பெயர் வைப்பார்கள், அடுத்த பிள்ளைக்கு உம்மா வீட்டார். எனக்கு மாமிதான் பெயர் வைத்தார். எங்கள் வகுப்பில் அந்தப் பெயரில் நாங்கள் நான்கு பேர் இருந்தோம். இந்த முறை உரிமை உம்மாவின் பக்கத்துக்கு. மாமி கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து நின்று, "ஒன்ட ஊட்டாள் ஆரு இருக்கா இஞ்ச, பேர் வெக்க? நாங்களே வெச்சிடுறம்" என்றார்.

"நான் இருக்கன்தானே. நான்தான் என்ட ஊட்டாள்."

"வெள்ளக்காரிர பேரா வெக்கப் போறாய்?"

"ஓம். வாக்குக் குடுத்திட்டன்."

இதற்குள் அந்தப் பெண் தன் நாட்டில் மாடுகளுக்கு வைத்தியம் பார்க்கிறவள் என்ற செய்தியை ஓட்டோக்கார நானா வாய் சும்மா இருக்காமல் சொல்லிவிட்டார். மாமிக்கு அது கற்கண்டு. "மாட்டு டொக்டர்ட பேரக் கொண்டுவந்து எங்கட குடும்பத்துப் புள்ளக்கி வெக்கிறதா!" என்று வேலிக்கு வேலி போய்ச் சொன்னார். ஊர் வாயை மூட உலைமூடி உண்டா? பள்ளிக்கூடத்தில் என்னைப் பார்த்து "ம்மா" என்று கத்தினார்கள். எனக்கோ தொலைக்காட்சி நாடகத்தில் வருகிற அழகான பெயரொன்று மனதில் இருந்தது. அதை யாரும் கேட்கவில்லை. வாப்பா, அக்காளுக்கும் மனைவிக்கும் நடுவில் நிற்பதைவிட, கடலைக் கொந்தளிக்க வைக்கும் கச்சான் காற்றில் நடுக்கடலில் நிற்பது மேல் என்று விடியுமுன்பே படகைத் தள்ளிக்கொண்டு போய்விடுவார்.

கடைசியில் மாமி பெரிய ஆயுதத்தை எடுத்தார். "மறும நாள்ல அல்லாட முன்னால பேரச் சொல்லித்தான் கூப்புடுவாங்க. அர்த்தமே தெரியாத பேர வெச்சிட்டு அண்டைக்கி என்ன செய்யப் போறாய்?"

உம்மா என்னைக் கூப்பிட்டு, "போய் அர்த்தத்தக் கேட்டுக்கொண்டு வா" என்றார்.

நானாவின் ஓட்டோவில் களப்புக் கரைக்குப் போனோம். ஓலைக் கொட்டில் ஒன்றின் முன்னால் அந்தப் பிரான்ஸ்காரி ஈரப் பட்டத்தைக் காயவைத்துக்கொண்டிருந்தாள். நானா கேட்டதும் அவள் விழித்தாள். அர்த்தமா? பெயர் பெயர்தானே! பாட்டனின் தங்கைக்கு இருந்த பெயராம், தனக்கு வைத்தார்களாம். கிழவிகளின் பெயர் என்று பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் தன்னைக் கேலி செய்தார்களாம். இந்தக் காலத்தில் பிரான்சிலும் அந்தப் பெயர் கொண்டவர்கள் அருமையாம். நான்கு பேருக்கு ஒரே பெயர் இருந்த வகுப்பில் படித்த எனக்கு அது கொஞ்சம் பொறாமையாக இருந்தது. ஆனால் தன் பெயரின் அர்த்தம் தெரியாமலே ஒருத்தி இவ்வளவு பருமனாக வளர முடியுமா என்று ஆச்சரியமும் பட்டேன்.

அவள் கைத்தொலைபேசியைத் தட்டித் தேடினாள். வாசிக்க வாசிக்க அவளுடைய முகம் மாறியது. அவளுக்கும் அது புதுச் செய்திதான். லெபனான் கடற்கரையில் ஸிதோன் என்று மிகப் பழைய துறைமுகம் ஒன்று இருக்கிறதாம். அங்கிருந்து வந்தவர்களை ரோமாபுரிக்காரர்கள் ஊர்ப்பெயரைச் சொல்லி அழைத்தார்களாம். அது ஆண்களுக்குப் பெயராகி, பெண்களுக்கும் பெயராகி, பிரான்சுக்கு வந்து சேர்ந்து, கடைசியில் ஊரை எல்லாரும் மறந்துபோய்ப் பெயர் மட்டும் மிஞ்சியதாம். வேறொரு கதையும் இருந்தது. ஈஸா நபியைச் சுற்றியதாகக் கிறிஸ்தவர்கள் நம்பும் சவத்துணிக்கும் அதைப் போன்ற ஒரு பெயர் இருந்ததால், துணியின் பெயரே இது என்று பின்னாளில் சிலர் சொல்லிக்கொண்டார்களாம். முதல் கதைதான் சரி என்று அவள் நானாவிடம் இரண்டு தரம் சொல்லி அனுப்பினாள்.

எனக்குப் பெரிய ஏமாற்றம். இளவரசி, நிலவு, முத்து என்று ஏதாவது இருக்கும் என்று பார்த்தால், வெறும் ஊர்க்காரி! எங்கிருந்தோ வந்தவள்! அகதியின் மகள் என்று கேட்டுக் கேட்டு எனக்கே காது புளித்துப்போயிருந்தது. இந்தக் குழந்தையின் நெற்றியில் அதையே பெயராகவும் ஒட்டுவதா? இந்த அர்த்தத்தைக் கேட்டால் உம்மாவே பெயரைத் தூக்கி எறிந்துவிடுவார் என்று நிச்சயமாக நம்பினேன்.

ஆனால் உம்மா உடனே கேட்கவில்லை. "ஏழாம் நாள் எல்லாரும் இருக்கக்குள்ள சொல்லு, எனக்கும் சேத்துச் சொல்லு" என்றார்.

பிள்ளைக்குத் தலை மழித்துப் பெயர் வைக்கிற ஏழாம் நாள் வந்தது. ஆடு அறுத்துப் பின்வளவில் சோறு ஆக்கினார்கள். எங்கள் முன்கூடத்தில் ஆண்கள் பாயில் உட்கார்ந்திருந்தார்கள். மௌலவி நடுவில். பிள்ளைப்பேற்று அறையின் வாசலில் திரை தொங்கியது. உம்மா அதற்குப் பின்னால் இருந்தார். தலைமுடி மழிக்க ஆள் வந்து சவரக்கத்தியைத் தீட்டிக்கொண்டிருந்தார். வாப்பா திரைக்குக் கிட்டப் போய்ப் பிள்ளையைத் தரச் சொன்னார்.

"பேர் முடிஞ்சாத்தான் புள்ள வெளியில வரும்" என்றது திரை.

பாயில் இருந்தவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சோற்று வாசம் வீட்டை நிறைத்துக்கொண்டிருந்தது. மௌலவி இளம் வயதுக்காரர். பொறுமையாக, "பேருக்கு நல்ல கருத்து இருந்தாச் சரிதானே. என்ன கருத்து?" என்று கேட்டார்.

நான் முன்னால் வந்து சத்தமாகச் சொன்னேன். ஒன்றையும் விடவில்லை. சவத்துணிக் கதையை முதலில் சொன்னேன். மாமி அறைவாசலில் நின்று நெஞ்சில் கைவைத்து, "கபன் துணியா!" என்று அலறினார். அது பிற்காலத்தில் கட்டிவிட்ட கதை என்பதையும் சொல்லி, ஸிதோன் ஊருக்கு வந்தேன். "எங்கேயோ இருந்து வந்த பொம்புள. அவ்வளவுதான் கருத்து" என்று முடித்தேன்.

மௌலவியின் முகம் மலர்ந்தது. "ஸிதோன் எண்டா, அது நம்மட ஸைதாதான்! அறபியில ஸைதா எண்டுதான் சொல்லுவாங்க. ஷாம் தேசத்துப் பட்டணம். மீன் புடிக்கிற தொழில வெச்சித்தான் அந்தப் பேரே வந்த எண்டும் சொல்லுவாங்க. அப்ப சண்டையே வேணாம். புள்ளக்கி ஸைதா எண்டே வெச்சிடுவம்."

பழம் நழுவிப் பாலில் விழுந்தது போல எல்லாருக்கும் ஆறுதல். அறபிப் பெயர், கடற்காரர் வீட்டுக்கு ஏற்ற பெயர், வெள்ளைக்காரிக்குக் கொடுத்த வாக்கும் ஒருவிதத்தில் தப்பியது. மாமிகூட, "ஸைதா நல்லாத்தான் இருக்கு" என்று இறங்கி வந்தார். எனக்கும் பிடித்திருந்தது. கத்திக்காரர் எழுந்து நின்றார்.

"வேணாம்" என்றது திரை.

வாப்பா தலையில் கைவைத்துக்கொண்டார்.

"ஸைதா ஊர்ட பேர், மௌலவி. ஊர் அங்கேயே இருக்கு. மத்தது அங்க இருந்து வந்தவட பேர். என்ட புள்ளக்கி வந்தவட பேர்தான் வேணும்."

மாமிக்குப் பொறுக்கவில்லை. "வந்தவ, வந்தவ! அதுல என்ன பெரும உனக்கு?"

"பெரும இல்லாட்டி அந்தப் பேர் பிரான்ஸ் வரைக்கும் எப்பிடிப் போச்சி, மதினி? ஊரையே மறந்த சனம் அவட பேரப் புள்ளைகளுக்கு வெச்சிக் கொஞ்சுது."

பின்வளவில் சட்டி மூடியைத் திறக்கிற சத்தம் கேட்டது. மௌலவி தாடியைத் தடவிக்கொண்டு, பெயர் வைப்பது பெற்றவர்களின் பொறுப்பு, கருத்தில் பிழையில்லை, என்று மெல்ல வாப்பாவைப் பார்த்தார். வாப்பா அக்காளைப் பார்த்தார், திரையைப் பார்த்தார், பசியோடு இருந்த பாயைப் பார்த்தார். வாழ்நாளில் முதல் தடவையாக அவரால் கடலுக்குத் தப்பி ஓட முடியவில்லை.

"சரி, புள்ளயத் தா."

"நீங்க பேரச் சொல்லுங்க. தாறன்."

வாப்பா தொண்டையைச் செருமினார். பிறகு எல்லாருக்கும் கேட்கும்படி, "ஸிதோனி" என்றார். திரை விலகி இரண்டு கைகள் பிள்ளையை நீட்டின. வாப்பா வாங்கிய பிறகும் ஒரு கை பிள்ளையைச் சுற்றிய துணியின் நுனியை விடாமல் பிடித்திருந்ததை நான் மட்டும்தான் கிட்ட நின்று பார்த்தேன். அவ்வளவு நேரமும் உம்மா பயப்படாமல்தான் பேசினார் என்று நினைத்திருந்தேன்.

சாப்பாடு முடிந்து ஆட்கள் போனதும் அறைக்குள் போனேன். மொட்டைத் தலையோடு தங்கை பால் குடித்துக்கொண்டிருந்தாள். நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு கட்டில் விளிம்பில் உட்கார்ந்தேன்.

"அந்த அர்த்தத்த இன்னொருக்காச் சொல்லு" என்றார் உம்மா.

"ஸிதோன் ஊர்க்காரி."

"இன்னொருக்கா."

சொன்னேன். உம்மாவின் கண் கலங்கியிருந்தது, வாய் சிரித்தது. எனக்கு எரிச்சல் தாங்கவில்லை. "மாமி ஒங்கள மன்னார்க்காரி எண்டா மட்டும் சண்டைக்கிப் போறீங்க. தங்கச்சிக்கி மட்டும் ஊர்க்காரி எண்டே பேர் வெச்சிட்டீங்க" என்று கேட்டுவிட்டேன்.

உம்மா தங்கையின் மொட்டைத் தலையைத் தடவிக்கொண்டே சொன்னார்: "மாமி என்னய எப்ப மன்னார்க்காரி எண்டிருக்கா? ஒரு நாளாச்சும் அப்பிடிச் சொல்லி இருந்தா அவட கையப் புடிச்சிக் கொஞ்சி இருப்பன். அகதி எண்டுதானே, மகள், சொல்லுவா. அதுல என்ட ஊரே இல்ல."

"ரெண்டும் ஒண்டுதானே உம்மா" என்றேன். சும்மா வாய்க்குச் சொல்லவில்லை. அன்றைக்கு எனக்கு இரண்டும் ஒன்றாகத்தான் இருந்தது.