ஒரு தலைக்கு ஒரு கெண்டி

மொட்டை மாடித் தண்ணீர்த் தொட்டியை மோதிர விரலால் தட்டிக்கொண்டே குனிகிறாள் ஃபிர்யால். மேலே தட்டினால் தகரம் டங்கென்று கத்துகிறது. இன்னும் கீழே, இன்னும் கொஞ்சம் கீழே. ஓரிடத்தில் சத்தம் அமுங்கவேண்டும். தண்ணீர் நிற்கிற மட்டம் அதுதான். இந்த வசந்த காலத்தில் பல நாட்கள் அவள் முட்டிபோட்டு உட்கார்ந்து தொட்டியின் அடியைத் தட்டியும் டங்கென்றுதான் கேட்டது.

மூடியைத் திறந்து எட்டிப் பார்த்தால் ஒரு நொடியில் தெரிந்துவிடும். ஏணிகூடப் பக்கத்திலேயே சாய்ந்திருக்கிறது. "திறந்து பாத்தா கண்ணு பட்டுடும்" என்பாள். "காலித் தொட்டிக்கு யாருடீ கண்ணு வைப்பா?" என்று கேட்டேன் ஒருநாள். "வைக்கிற ஆளுங்க இந்தத் தெருவுல இருக்காங்க" என்று கீழே தெரிந்த ஒரு குறிப்பிட்ட வீட்டின் கூரையைத் தாடையால் காட்டினாள். அந்த வீட்டுக்குப் பிறகு வருவோம்.

நானும் அவளும் பள்ளியில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள். அந்த உரிமையில்தான் 'அவள்' என்று எழுதுகிறேன். மற்றவர்களுக்கு அவள் உம்மு ஹைதம். மகன் ஹைதமின் அம்மா. கணவர் போய்ச் சேர்ந்து வெகுகாலம் ஆகிறது. மகன் கடற்கரை ஊரான அகபாவில் ஓட்டல் வேலையில் இருக்கிறான். அம்மான் நகரத்தின் கிழக்கு மலையொன்றில், தெரு என்று நாங்கள் மரியாதையாகச் சொல்கிற படிக்கட்டின் உச்சியில், குழாய் முடிகிற இடத்தில் அவள் வீடு. கீழ்த்தளத்தில் பெண்களுக்கான முடி அலங்காரக் கடை வைத்திருக்கிறாள். பெயர்ப்பலகையில் சிரிக்கும் பெண்ணுக்கு வெயிலில் ஒரு கண் அழிந்துவிட்டது. வாடிக்கையாளர் யாரும் அதைக் குறையாக எடுத்துக்கொண்டதில்லை.

மற்றக் கடைகளில் குழாயைத் திறந்து விட்டுவிட்டுக் கதை பேசுவார்கள். இவளிடம் செம்புக் கெண்டி ஒன்று இருக்கிறது, மூக்கு மெலிந்தது. அதில் பாதியால் தலையை நனைப்பாள், மீதியால் நுரையை அலசுவாள். பிடரியில் தொடங்கி, இன்னொரு கையால் தண்ணீரை மேல்நோக்கித் தள்ளித் தள்ளி, ஒரு சொட்டு தோளில் இறங்காமல் முடித்துவிடுவாள். "கண்ணை மூடு. வாயையும் மூடு. தலையை ஆட்டாதே" என்பவை அவளுடைய மூன்று கட்டளைகள். கழுவின தண்ணீர் பேசினிலிருந்து வாளிக்குப் போகும், வாளியிலிருந்து கழிப்பறைக்குப் போகும். மணப்பெண் என்றாலும் சலுகை கிடையாது. "மந்திரி பொண்டாட்டி வந்தாலும் ஒரு தலைக்கு ஒரு கெண்டிதான். ரெண்டாவது வேணும்னா ரெண்டாவது தலையைக் கொண்டு வரட்டும்."

கஞ்சத்தனம் என்று யாராவது நினைத்தால் அவளுடைய காப்பியைக் குடித்துப் பார்க்கவேண்டும். போதும் போதும் என்று கோப்பையை ஆட்டி ஆட்டிக் காட்டினாலும் ஊற்றிக்கொண்டே இருப்பாள். தண்ணீர் கேட்டால் மட்டும், "தாகமா, பழக்கமா?" என்று விசாரிப்பாள்.

எங்கள் படிக்கட்டுக்குத் தண்ணீர் வருவது வாரத்தில் ஒருநாள், செவ்வாய்க்கிழமை. அன்று யாரும் யார் வீட்டுக்கும் போவதில்லை. துணி துவைப்பது, தரை கழுவுவது, பிள்ளைகளைப் பிடித்துத் தேய்ப்பது, தொட்டியோடு வீட்டிலுள்ள பானை குடம் பாட்டில் அத்தனையையும் நிரப்புவது என்று தெருவே உடையை முழங்கால்வரை சுருட்டிவிட்டுக்கொண்டு நிற்கும். போன வருஷம் பெரியவர் ஒருவர் செவ்வாயன்று காலமானார். தங்கமான மனிதர். ஆனாலும், "இவ்வளவு நாள் இருந்தவரு இன்னும் ஒருநாள் பொறுத்திருக்கலாம்" என்று ஈரக் கையோடு ஓடிவந்த இரண்டு பேர் முணுமுணுத்ததை என் காதாலேயே கேட்டேன்.

இந்த வசந்தத்தில் செவ்வாய்க்கிழமைகள் ஃபிர்யாலைக் கைவிட்டன. எல்லோர் வீட்டிலும் தண்ணீர் கொட்டுகிற சத்தம் கேட்கும். உச்சியில் அவள் குழாய் மட்டும் பெருமூச்சு விட்டுவிட்டு நின்றுவிடும். காரணம் தெருவுக்கே தெரியும். படிக்கட்டின் நடுவில், அவள் தாடையால் காட்டிய அந்த வீட்டில் இருக்கிற அபூ நிஜாம், தெருக்குழாயிலிருந்து நேராக உறிஞ்சுகிற மோட்டார் ஒன்றைத் தன் வீட்டுப் படிக்குக் கீழே பொருத்திவிட்டார். அப்படிச் செய்யக்கூடாது, சட்டப்படி குற்றம். கேட்டால், "எங்க ஃப்ரிட்ஜ் பழசும்மா, அதான் உறுமுது" என்று முகம் மாறாமல் சொல்வார்.

"செவ்வாய்க்கிழமை மட்டும் ஓடுற ஃப்ரிட்ஜை நான் எங்கயும் பாத்ததில்ல" என்பாள் ஃபிர்யால்.

லாரித் தண்ணீர் வாங்கலாமே என்பீர்கள். லாரி படிக்கட்டு ஏறாது. அதன் குழாயும் அவள் வீடுவரை எட்டாது. அதிகாரிகளிடம் புகார் கொடுக்கலாமே என்பீர்கள். பக்கத்து வீட்டுக்காரரைக் காட்டிக்கொடுத்தவள் கையில் தலையைக் கொடுக்க எங்கள் தெருவில் ஒருத்தி வரமாட்டாள். பெண்கள் வீட்டிலிருந்து பாட்டிலில் தண்ணீரோடு வந்து தலை கழுவிக்கொண்டு போனார்கள். அதுவும் எத்தனை நாளைக்கு?

வியாழக்கிழமை பேக்கரிக்காரர் மகளுக்குக் கல்யாணம். மணப்பெண், தங்கைகள், அத்தைகள், சித்திகள் என்று ஒரு கூட்டமே இவள் கடைக்கு வருவதாகப் பேச்சு. "இந்தச் செவ்வாயும் வரலைன்னா அவங்களைப் பெரிய தெருக் கடைக்குப் போகச் சொல்லிடுவேன்" என்றாள். "அப்புறம் கடையைப் பூட்டிட்டு ஹைதம்கிட்டப் போயிடறேன். அவன் ஃப்ளாட்டுல உக்காந்து கடலைப் பாக்க வேண்டியதுதான். அம்மாடி, எவ்வளவு தண்ணி! ஒரு தலை கழுவ உதவாது." சொல்லிவிட்டுச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் கடை இல்லாத படிக்கட்டில் நான் யாரோடு பேசுவேன்?

திங்கட்கிழமை சாயங்காலம் என் கதவைத் தட்டினாள். கறுப்புப் பட்டு உடை, வாசனைத் தைலம், கையில் குனாஃபா இனிப்புப் பெட்டி.

"செருப்பைப் போடு. ஜாஹா போறோம்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஜாஹா என்றால் ஊர்ப் பெரிய மனிதர்கள் மேலங்கி போர்த்திக்கொண்டு கூட்டமாகப் போவது. கொலைக்குச் சமாதானம் பேசவும் பெண் கேட்கவும் போவார்கள். போன வீட்டில் காப்பி கொடுத்தால் குடிக்காமல் கீழே வைப்பார்கள். நீங்கள் வந்த காரியம் ஆயிற்று, குடியுங்கள் என்று வீட்டுக்காரர் சொன்ன பிறகுதான் கோப்பையை எடுப்பார்கள். குடித்தபின் அந்த வார்த்தை மாறாது, மாற்றினவன் மனிதனில்லை. இதில் பொம்பளைகளுக்கு என்ன வேலை?

"ஆம்பளைங்களை அனுப்பினா மோட்டார் என்ன கம்பெனி, என்ன விலைன்னு பேசிட்டு வந்துடுவாங்க" என்றாள். "ஒருத்தியா போனா சண்டைக்கு வந்ததா ஆயிடும். நீயும் வா."

அபூ நிஜாம் கதவைத் திறந்தார். பட்டு உடையைப் பார்த்தார், இனிப்புப் பெட்டியைப் பார்த்தார், சாட்சிபோல் பின்னால் நின்ற என்னைப் பார்த்தார். அவர் முகத்தில் அப்படியொரு வெளிச்சம் வந்தது. உள்ளே போய் மனைவியிடம் ஏதோ குசுகுசுத்தார். அலமாரி திறக்கிற சத்தம், மூடுகிற சத்தம். நல்ல வரவேற்பு என்று மட்டும் நினைத்துக்கொண்டு, மண்டு மாதிரி நானும் உட்கார்ந்திருந்தேன்.

காப்பி கொண்டுவந்தவள் அவர்கள் மகள் லுமா. மருந்துக்கடையில் வேலை பார்க்கிறாள். முப்பது தாண்டியும் கல்யாணம் அமையவில்லை என்று அவள் அம்மா உம்மு நிஜாம் ஃபிர்யாலின் கடை நாற்காலியில் உட்கார்ந்து கண்ணீர் விடாத மாதம் இல்லை. அன்று லுமா பச்சைப் பட்டுச் சட்டை போட்டிருந்தாள். மடித்து வைத்திருந்த கோடுகூட இன்னும் போகவில்லை.

ஃபிர்யால் கோப்பையை வாங்கிக் கீழே வைத்தாள்.

"ஹாஜி, ஒண்ணு கேட்டு வந்திருக்கேன். ஆகட்டும்னு நீங்க சொல்லாம இந்தக் காப்பி என் வாயில படாது."

"நீ வாயைத் திறக்கவே வேணாம், உம்மு ஹைதம்!" அபூ நிஜாம் எழுந்தே நின்றுவிட்டார். "எதுக்கு வந்தியோ அதைக் குடுத்தாச்சு. இந்த வீட்டுல எது இருக்கோ அது உன்னோடது. குடி தாயே, குடி!"

இவ்வளவு சுலபமாக முடியும் என்று அவளே எதிர்பார்க்கவில்லை. எங்கே அவர் மனது மாறிவிடுமோ என்று ஒரே மடக்கில் குடித்தாள். குடித்து முடித்ததுதான் தாமதம், திரைக்குப் பின்னாலிருந்து உம்மு நிஜாம் குலவையிட்டாள்.

ஃபிர்யால் திரும்பி என்னைப் பார்த்தாள்.

"மோட்டாரைக் கழட்டுறதுக்கா குலவை?"

குலவை பாதியில் அறுந்தது. "எந்த மோட்டாரு?" என்றார் அபூ நிஜாம்.

"உங்க ஃப்ரிட்ஜுதான் ஹாஜி."

"அப்போ நீ ஹைதமுக்குப் பொண்ணு கேட்டு வரலையா?"

ஃபிர்யாலின் கை தானாக வாயை மூடிக்கொண்டது. தட்டோடு நின்றிருந்த லுமாவை நிமிர்ந்து பார்க்க எங்கள் இருவருக்கும் தைரியம் வரவில்லை. தரை பிளந்தால் இறங்கிவிடலாம் என்றிருந்தது எனக்கு.

முதலில் சிரித்தவள் லுமாதான். சத்தம்போட்டே சிரித்தாள்.

"போச்சுப்பா. குடிச்சுட்டாங்க. இனி ஒண்ணும் பண்ண முடியாது."

"நான் ஒருத்தன்தான் வெச்சிருக்கேனா? கீழ வீட்டுக்காரனுங்க வெக்கல?" என்று அவர் எகிறினார்.

"அங்கயும் போவேன்" என்றாள் ஃபிர்யால். லுமா பக்கம் மட்டும் திரும்பவில்லை. "எல்லா வீட்டுக் காப்பியையும் குடிக்க எனக்கு வயிறு இருக்கு."

லுமா படிக்குக் கீழே இறங்கிப் போனாள். மோட்டாரின் வயரைப் பிடுங்கிச் சுருட்டிக்கொண்டுவந்து அப்பாவின் மடியில் வைத்தாள். அவரும் சிரித்துவிட்டார், என்ன செய்வார், பாவம். உம்மு நிஜாம் குனாஃபாவை வெட்டித் தட்டுகளில் வைத்தாள். அந்தத் தட்டுகளை எடுத்துக்கொண்டு லுமா திரும்பி வந்தபோது பச்சைச் சட்டை இல்லை. வீட்டில் போடுகிற பழைய சாம்பல்நிற அங்கியில் இருந்தாள்.

படியேறும்போது ஃபிர்யால் வழியில் உட்கார்ந்துவிட்டாள்.

"வேணும்னு பண்ணலடீ."

"எனக்குத் தெரியாதா?"

"ஹைதம் அங்கயே ஒருத்தியைப் பாத்து வெச்சிருக்கான். இல்லைன்னா இப்பவே திரும்பிப் போய்க் கேட்டுடுவேன். அந்தச் சட்டை மடிப்பைப் பாத்தியா?"

பார்த்தேன் என்றேன். என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்து படியேறினாள். காப்பியோடு வைத்த தண்ணீரை அவள் தொடாமலே வந்திருந்தாள் என்பது வீட்டுக்கு வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது. யார் வீட்டிலும் ஒரு மிடறுகூட மிச்சம் வைக்காதவள்.

செவ்வாய்க்கிழமை அவள் குழாய் இருமியது, துருவைத் துப்பியது, பிறகு ஓட ஆரம்பித்தது. மாடியில் நானும் கூட இருந்தேன். தொட்டியின் கழுத்தருகே தட்டினாள், சத்தம் அமுங்கியது. இன்னும் மேலே தட்டினாள், அங்கேயும் அமுங்கியது. "யா ரப்பி!" என்று தகரத்தில் நெற்றியை வைத்துக்கொண்டு நின்றாள். எனக்கும் கண் கலங்கிவிட்டது, மறைப்பானேன்.

தெருவில் இப்போது இரண்டு கட்சி. ஃபிர்யால் திட்டம்போட்டு ஏமாற்றிய கெட்டிக்காரி என்று ஒரு கட்சி, தெரியாமல் மாட்டிக்கொண்டவள் என்று இன்னொன்று. முதல் கட்சிக்காரர்கள் மெச்சிப் பேச வந்தால் அவள் பிடி கொடுப்பதில்லை. "தலையை ஆட்டாதே" என்று மட்டும் சொல்கிறாள்.

வியாழக்கிழமை கடையில் கால் வைக்க இடமில்லை. மணப்பெண்ணுக்கு ஒரு கெண்டி, தங்கைகளுக்கு ஆளுக்கொரு கெண்டி. "இன்னைக்காவது கொஞ்சம் தாராளமா ஊத்தேன்" என்று கெஞ்சிய பருத்த அத்தைக்கும் அதே ஒன்றுதான். மதியத்துக்கு மேல் கதவு திறந்தது. லுமா. கடையே திரும்பிப் பார்த்தது. எல்லோருக்கும் கதை தெரியும்.

"எனக்கும் கல்யாணத்துக்குப் போகணும்" என்றாள் லுமா. "சும்மா கழுவி விட்டாப் போதும்."

அவள் உட்கார்ந்தாள். "கண்ணை மூடு" என்றாள் ஃபிர்யால். மற்ற இரண்டு கட்டளைகள் வரவில்லை. பிடரியில் தொடங்கி, வழக்கம்போல நனைத்து, தேய்த்து, அலசினாள். கெண்டி காலியாயிற்று. ஹேர்டிரையரைச் சொருகத் தயாராக நான் நின்றேன். லுமா துண்டுக்காகக் கையை நீட்டியபடி எழுந்தாள்.

ஃபிர்யால் அவள் தோளை அழுத்தி உட்காரவைத்தாள். குழாயடிக்குப் போய்க் கெண்டியைக் கழுத்துவரை நிரப்பிக்கொண்டு வந்து, அந்தத் தலையில் நிதானமாக ஊற்றினாள்.