ஹானின் சொந்தக் குரல்

ஹான் காலமாகிவிட்டார். சிட்னி லிட்கமில் பாண் ரொட்டி சுடும் தொழிற்சாலையில் என்னோடு ஒரே லைனில் நின்று வேலை செய்த கொரியர்...

காலையில் அவருடைய மகள் மினா போன் பண்ணினாள். செய்தியைச் சொன்ன கையோடு, எங்கள் பழைய தமிழ் நாடக வீடியோ கசெட் இன்னும் இருக்கிறதா என்று கேட்டாள்.

அந்தக் காலத்துக் கொரியக் கறுப்பு வெள்ளைப் படங்களில் ஹான் ஒரு நடிகர். அரசன், குடிகாரன், பிக்கு, ஒற்றன், கொடுமைக்கார மாமனார்... கேட்டால், "மற்றவர்கள் வேண்டாம் என்றதெல்லாம் எனக்கு வந்தது" என்பார்.

பிறகு வாய்ப்புகள் குறைந்தன. சிட்னி, பாண், ஓவர்டைம்.

ஒருமுறை வீட்டுக்குக் கூப்பிட்டு ஒரு படம் போட்டுக் காட்டினார். வில்லன் வேடம், நல்ல மிடுக்கு. ஆனால் குரல் அவருடையது இல்லை.

"டப்பிங் ஆள்" என்றார். "அப்போது அங்கே பெரும்பாலும் அப்படித்தான். முகம் என்னுடையது, குரல் வேறொருவருடையது."

அத்தனை படங்களில் ஒன்றில்கூட அவர் குரல் இல்லையாம். எனக்குப் பொறுக்கவில்லை. அவர் பிஸ்கட் தட்டை என் பக்கம் தள்ளினார்.

பிறகு எங்கள் தமிழ்ச் சங்க நாடகம் வந்தது. அதில் பக்கத்து வீட்டு வெள்ளைக்காரர் வேடத்துக்கு ஒரு வெள்ளைக்காரரும் அகப்படவில்லை.

லஞ்ச் நேரத்தில் ஹானிடம் புலம்பினேன். "அமெரிக்கப் பாதிரியாராகவே நடித்திருக்கிறேன். ஆஸ்திரேலியன் என்ன பெரிய விஷயமா?" என்றார்.

நாடகம் பழக்கிய சிவா அண்ணைக்குப் பிடிக்கவில்லை. "கொரியன் எப்பிடியடா வெள்ளைக்காரனா வாறது? சனம் சிரிக்கும்."

"சிரிப்பு நாடகம்தானே அண்ணை. சிரிக்கட்டும்."

ஹானுக்கு ஒரே ஒரு தமிழ் வசனம். விருந்து முடிந்து, வாசலில் நின்று விடைபெறும்போது சொல்ல வேண்டியது. அர்த்தத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டு, மெஷின் இரைச்சலுக்குள் வாரக்கணக்கில் சொல்லிப் பழகினார்.

மேடையில் தொப்பி, ஷோர்ட்ஸ், இடுப்பில் கை... எங்கள் தெருவில் புல்லு வெட்டுகிற மனிதரேதான். முதலில் சிரித்த சனம், அவர் கொரியர் என்பதையே மறந்துபோனது.

சிவா அண்ணை திரைக்குப் பின்னால் என் தோளைத் தட்டினார். "ஆள் விண்ணன்தான், கெட்டிக்காரன்."

மினா இன்று சொன்னது இதுதான்: "அப்பாவின் படங்கள் நிறைய இருக்கின்றன, அங்கிள். எதிலும் அவர் பேசவில்லை. செத்தவீட்டில் அவர் குரலில் ஒன்று போட வேண்டும்."

கராஜைக் கிளறி கசெட்டை எடுத்தேன். படம் முழுக்கக் கோடு கோடாக ஓடியது. பயந்துகொண்டுதான் பார்த்தேன். சத்தம் தெளிவாக இருக்கிறது.

வாசலில் நின்று, தொப்பியைத் தூக்கி, அவருடைய குரலிலேயே சொல்கிறார்: "போட்டு வாறன்."

அழுதுவிட்டேன்.

நாளைக்குக் காலையில் மினாவிடம் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும்.

போட்டு வாங்கோ, ஹான்...