வட்டம் போட்டவர்களும் புள்ளி வைத்தவனும்

எங்கள் குப்பத்துக்கு ஆராய்ச்சிக்காரர்கள் வந்த அளவுக்கு ஓட்டுக் கேட்டுக்கூட ஆள் வந்ததில்லை. திருவொற்றியூரில் கடலை ஒட்டி இருக்கிறது குப்பம். முதலில் காற்றை அளக்கிறவர்கள் வந்தார்கள். ஒரு மொட்டைமாடியில் பெட்டியைக் கட்டிவிட்டு, மணலிப் பக்கத்துப் புகை இங்கேதான் வந்து தேங்குகிறது, இது ஒரு ஹாட்ஸ்பாட் என்றார்கள். அப்புறம் மருத்துவம் படிக்கிற பிள்ளைகள் வீடு வீடாக இருமலைக் கேட்டு எழுதிக்கொண்டு போனார்கள். நோய் எங்கே கும்பலாக இருக்கிறதோ அது அவர்களுக்கு ஹாட்ஸ்பாட். வெயிலை ஆராய்கிறவர்கள் தகரக்கூரைக்குக் கீழே சூடு பார்த்தார்கள். குற்றங்களைப் பற்றிப் படிக்கிற ஒருவர் டோல்கேட்டிலிருந்து எங்கள் தெருவரைக்கும் வரைபடத்தில் சிவப்பு அடித்து வைத்திருந்தார். செயின் அறுப்பு அதிகம் நடக்கிற இடமாம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அறுத்துக்கொண்டு போனது எங்கள் வீட்டுச் செயின், கெட்ட பெயர் மட்டும் எங்கள் தெருவுக்கா?

"இன்னா மச்சான், அல்லாரும் நம்பளையே சுத்திச் சுத்தி வட்டம் போடறானுங்க. நம்ப போனுல ஹாட்ஸ்பாட் போட்டா மட்டும் நெட்டு வரமாட்டேங்குது" என்று மாப்பிள்ளை சிரிப்பான்.

மாப்பிள்ளை என்றால் என் தங்கச்சி புருஷன். விம்கோ நகர்க்காரன், ஃபாக்டரிக் குடும்பம். கடல் தெரியாது. வேலை இல்லாமல் சும்மா உட்கார்ந்திருந்தவனை என் ஃபைபர் போட்டில் ஏற்றிக்கொண்டேன். தங்கச்சி வீட்டில் உலை கொதிக்க வேண்டுமே!

கடைசியாகத்தான் கடலை ஆராய்கிறவர்கள் வந்தார்கள். அவர்களுக்குத் தலைமை ஒரு சின்ன வயசுப் பெண். இன்னொரு ஹாட்ஸ்பாட்டா என்று நான் முறைத்தேன். அவள் சிரித்தாள். "எங்க படிப்புல அது கெட்ட எடம் இல்லண்ணா. உயிருங்க நெறைய கூடுற எடம். பூமியைப் படிக்கிறவங்களக் கேட்டா, அடியிலருந்து நெருப்பு மேல வர்ற எடம்னு சொல்லுவாங்க, அங்க தீவே மொளைக்கும். வார்த்தை ஒண்ணுதான். யாரு எதை எண்ணுறாங்களோ அதுக்கேத்த மாதிரி மாறும். எங்க அதிகம்னுதான் காட்டும். ஏன்னு அதுக்கப்புறந்தான் தேடணும்."

உயிர் கூடுகிற இடம் எங்கள் குடும்பத்திடம் ஒன்று இருந்தது. கடலடியில் பாறை கிடக்கும் இடத்தைப் பார் என்போம். சங்கரா மீனும் களவா மீனும் அங்கேதான் அடையும். கரையில் தெரிகிற இரண்டு அடையாளங்களைச் சேர்த்துப் பார்த்து இடம் பிடிப்போம். எந்த அடையாளம் என்று கேட்காதீர்கள். எல்லாம் போன பிறகும் அதை எழுதக் கை வரவில்லை. பார் வைத்திருக்கும் குடும்பம் வாய் திறக்காது. நேராக அங்கே போகவும் மாட்டோம். எண்ணூருக்குப் போகிறவர்கள் மாதிரி வடக்கே ஓட்டி, மற்றப் போட்டுகளின் கண்ணுக்கு மறைந்ததும் கிழக்கே திரும்பி, அப்புறம் தெற்கே இறங்குவோம். எண்ணெய் வீண்தான், ஆனால் வழக்கம் அது. ரத்த சொந்தம் இல்லாத ஒருவனுக்கு நான் அந்த வழியைக் காட்டினேன் என்றால் அது மாப்பிள்ளைக்கு மட்டும்தான்.

அந்தப் பெண் கேட்டது இதுதான். பாரை ஒருமுறை பார்த்துப் பதிவு செய்துகொண்டால், அங்கே லாஞ்சுகள் வலை இழுக்கக் கூடாது என்று கேட்க ஆதாரம் கிடைக்கும். லாஞ்சு என்றால் அடியோடு வாரிப்போகிற பெரிய விசைப்படகு. "மேப்புல சரியா எடத்தைக் காட்டுற புள்ளி வைக்க மாட்டோம்ணா, பெரிய வட்டமாத்தான் போடுவோம்" என்று சத்தியம் செய்யாத குறையாகச் சொன்னாள். யோசித்து யோசித்துச் சம்மதித்தேன்.

போட்டில் கூட்டிப்போனோம். அவள் தண்ணீருக்குள் கேமராவை இறக்கிக்கொண்டிருந்தபோது மாப்பிள்ளை போனை நோண்டிக்கொண்டிருந்தான். "இன்னா மாப்ள பண்றே?" என்றேன். "ஒன் தங்கச்சிக்கு வீடியோ எடுக்கிறேன் மச்சான். நம்ப பாரு எப்டி கீதுன்னு அவ பார்த்ததே இல்லியாம்" என்றான். பாசக்காரன் என்று நினைத்துக்கொண்டேன்.

கொஞ்ச நாளில் அவனுக்கு ஒரு லாஞ்சில் டிரைவர் வேலை கிடைத்தது. சந்தோஷமாகத்தான் அனுப்பினேன். அதற்கப்புறம் பாரில் மீன் குறைந்தது. தூண்டிலில் மீனுக்குப் பதிலாகக் கிழிந்த வலைத்துண்டு மாட்டி வந்தது. லாஞ்சு வலை. அந்தப் பெண் போட்ட படத்தைப் பார்த்துத்தான் வந்திருப்பார்கள் என்று நினைத்தேன். சமுதாயக் கூடத்தில் அவள் கூட்டம் நடத்திக்கொண்டிருந்தாள். எல்லார் முன்னாலும், "நம்பினவன் தலையில கல்லப் போட்டுட்டியேம்மா!" என்று கத்தினேன்.

அவள் கோபப்படவில்லை. வரைபடத்தை என் முன்னால் விரித்தாள். ராயபுரத்துக்கு நேரே தொடங்கி எண்ணூர்வரைக்கும் கடலையே வளைத்து ஒரு சிவப்பு வட்டம். "இதை வெச்சு உங்க பாரை நீங்களே கண்டுபிடிங்கண்ணா பார்ப்போம்" என்றாள். அந்த வட்டத்துக்குள் என் பாரைப் போல ஆயிரம் பாரை ஒளித்து வைக்கலாம். வரைபடத்தை மடித்துக் கொடுத்துவிட்டு வந்தேன்.

மறுநாள் விடியும் முன்பே போய்ப் பாருக்குச் சற்றுத் தள்ளி இன்ஜினை அணைத்துக் காத்திருந்தேன். வெளிச்சம் வந்ததும் ஒரு லாஞ்சு தெரிந்தது. லாஞ்சில் இடம் காட்டும் மிஷின் உண்டு. புள்ளி தெரிந்தவன் துறைமுகத்திலிருந்து நேராக வருவான். இந்த லாஞ்சு வடக்கே போனது. கிழக்கே திரும்பியது. அப்புறம் தெற்கே இறங்கியது. முகம் தெரிவதற்கு முன்பே ஓட்டுவது மாப்பிள்ளைதான் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. கடலில் எதிர்ப்பட்டால் யாராக இருந்தாலும் கை தூக்குவோம். அவன் தூக்கவில்லை.

சாயங்காலம் தங்கச்சி வீட்டுக்குப் போனேன். அவள் உள்ளே சமைத்துக்கொண்டிருந்தாள். அவன் சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

"வீடியோவா எடுத்தே? போனுல பாரோட புள்ளியத்தான புட்சி வெச்சே?" என்றேன். அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். "சரி, மிஷின் கீதுல்ல? நேரா வரவேண்டிதுதானே? எதுக்குடா அவ்ளோ தூரம் சுத்திக்கினு வந்தே?"

தட்டிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னான். "நேரா வந்தா மத்த லாஞ்சுக்காரனுங்க பார்த்துடுவானுங்க மச்சான். நம்ப பாரு அல்லாருக்கும் தெரிஞ்சிபூடும்."

நம்ப பாராம்! கூடவே இருந்து குழி பறித்துவிட்டு, நான் கற்றுக்கொடுத்த வழியிலேயே வந்து வாரிவிட்டு, ஊர் கண்ணில் படாமல் அதைப் பத்திரமாகக் காக்கிறானாம். அடிக்கக் கை ஓங்கினேன். அதற்குள் தங்கச்சி எனக்கும் ஒரு தட்டோடு வந்துவிட்டாள். களவாக் குழம்பு.

"ஒக்காந்து துன்னுண்ணா. நம்ப பாரு மீனுதான்" என்றாள்.

அவளுக்கும் தெரிந்துதான் இருந்ததா என்று கேட்க இன்றுவரை எனக்குத் தைரியம் வரவில்லை.